பெரியவளுக்கு ஒரு வரன்

மாஸ்டர் தன் வாழ்க்கையில் சொன்ன பெரிய பொய் ஒன்றே ஒன்றுதான். அதைத் தினமும் சொல்ல வேண்டியிருந்தது, அதுதான் தொல்லை.

அவர் தையல்காரர். தெருவே அவரை மாஸ்டர் என்றுதான் கூப்பிடும். கோட்டு, சீருடை என்று கனத்த துணியில் கை வைக்கிற ஆள். ஒரு நாள் மிருகக்காட்சி சாலையில் வேலை பார்க்கும் பெண் ஒருத்தி சீருடை தைக்க வந்தாள். சட்டையில் எங்கெங்கே இடமிருக்கிறதோ அங்கெல்லாம் பை வேண்டும் என்றாள். எதற்கு என்று மாஸ்டர் கேட்டதுதான் தாமதம், போட்டிருந்த பழைய சட்டையின் பையிலிருந்து ஒரு கண்ணாடிக் குப்பியை எடுத்து வெட்டு மேசைமேல் வைத்தாள். உள்ளே உள்ளங்கை அகலத்துக்கு ஒரு சிலந்தி உட்கார்ந்திருந்தது.

சின்ன வயதிலிருந்தே மாஸ்டருக்குச் சிலந்தி ஆகாது. ஒட்டடைக் குச்சியைப் பார்த்தால்கூட இரண்டு அடி தள்ளி நிற்பார். ஆனால் குப்பிக்கு மேலே அவள் முகம் இருந்தது. ஆசையும் பெருமையுமாக அந்த முகம் அவருடைய பதிலுக்குக் காத்திருந்தது. மனுஷன் என்ன செய்வார்?

"எனக்கும் இதுங்கன்னா உயிருங்க" என்று சொல்லிவிட்டார்.

கல்யாணம் நடந்தது. முன்னால் கடை, பின்னால் வீடு, நடுவே ஒரு கதவு. சாப்பாட்டு நேரத்தில் மற்ற வீடுகளில் மேலதிகாரியைத் திட்டுவார்கள், அண்டை வீட்டுக்காரர்களை அலசுவார்கள். இந்த வீட்டில் சிலந்திச் செய்திகள் ஓடும். எது எதைத் தின்றது, எது முட்டைப் பையைச் சுமந்துகொண்டு பட்டினி கிடக்கிறது, எதற்கு எந்தக் கால் முளைக்கிறது. கையில் சோற்றோடு இதையெல்லாம் கேட்டால் தொண்டையில் இறங்குமா? மாஸ்டர் அதற்கு ஒரு உபாயம் கண்டுபிடித்திருந்தார். அவள் பேச ஆரம்பித்ததும் மனசுக்குள் ஒரு கோட்டை எடுத்து வைத்துக்கொண்டு தைக்கத் தொடங்கிவிடுவார். இடது கை முடிந்தால் ஒரு "ஆமா". வலது கை முடிந்தால் ஒரு "அடேங்கப்பா". காலர் முடிந்தால் ஒரு "பாவம்". பெரும்பாலும் பொருந்திவிடும். இப்படிக் கேட்கிற புருஷன் யாருக்குக் கிடைப்பான் என்று அவள் தோழிகளிடமெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தாள். நல்ல பெண், பாவம்.

இப்படியே காலம் தள்ளியிருக்கலாம். மிருகக்காட்சி சாலையின் சிலந்திக் கூடத்துக் கூரை ஒழுக ஆரம்பித்தது. பழுது பார்த்து முடிக்கும்வரை வேட்டைச் சிலந்திகளை எங்கே வைப்பது என்று அதிகாரிகள் கையைப் பிசைந்தார்கள். இவள் மட்டும் சிரித்த முகத்தோடு எழுந்து, எங்கள் வீட்டில் ஒரு அறை சும்மாதான் கிடக்கிறது, என் வீட்டுக்காரருக்கும் இதுங்கன்னா உயிர் என்று சொல்லிவிட்டாள். மறுநாளே ஆறு கண்ணாடிப் பெட்டிகள் வந்து இறங்கின.

அறைக்குள் மாஸ்டரைக் கையைப் பிடித்து இழுத்துப் போய் அவள் ஒவ்வொன்றாக அறிமுகம் செய்தாள்.

"இவங்கல்லாம் வலை கட்டி உக்காந்து திங்கிற சோம்பேறிங்க இல்ல. ஓடிப் பிடிச்சுத்தான் சாப்பிடுவாங்க. அதான் வேட்டைச் சிலந்தி. இவ கரணம். மொராக்கோ பாலைவனத்துல இருக்கிற ஜாதி. யாராவது துரத்தினா மணல்ல குட்டிக்கரணம் போட்டுக்கிட்டே ஓடிடுவா. இது பச்சை, ஐரோப்பாவுல புல்லுக்குள்ள இருக்கும், புல்லு எது இது எதுன்னு தெரியாது. அடுத்தது மழைக்காரி. தென்னாப்பிரிக்கா. மழை வர்றதுக்கு முன்னாடி கேக்காம கொள்ளாம வீட்டுக்குள்ள வந்துடுவா."

"ஆமா" என்றார் மாஸ்டர். இடது கை முடிந்திருந்தது.

"இந்தப் பெட்டியில மொத்தமா இருக்காங்க பாருங்க, இது கூட்டுக் குடும்பம். ஆஸ்திரேலியாவுல மரப்பட்டைக்கு அடியில அம்மாவும் பிள்ளைங்களும் ஒண்ணா இருக்கும். ஒருத்தர் பிடிச்சதைப் பங்கு போட்டுத் திங்கும். நம்ம சொந்தக்காரங்களைவிடத் தேவலை. இது கப்பல்காரி. வாழைத்தாரோட கப்பல்ல ஏறி டிக்கெட் இல்லாமலே உலகத்தைச் சுத்தி வந்த ஜாதி. சூடான ஊரா இருந்தா எந்த ஊர்லயும் இருப்பா."

"அடேங்கப்பா."

கடைசிப் பெட்டியின் முன்னால் அவள் குரல் தாழ்ந்தது. "இவதான் பெரியவ."

லாவோஸ் நாட்டுச் சுண்ணாம்புக் குகைகளில் வாழ்கிற இனம் அது. காலை விரித்தால் சாப்பாட்டுத் தட்டு அளவு வரும். மரப்பட்டையில் தட்டையாக ஒட்டிக்கொண்டு, எட்டுக் கால்களையும் நண்டு மாதிரி பக்கவாட்டில் பரப்பி, எட்டுக் கண்களாலும் மாஸ்டரையே பார்த்துக்கொண்டிருந்தது. மாஸ்டர் மனசுக்குள் தைத்துக்கொண்டிருந்த கோட்டு நழுவிக் கீழே விழுந்தது.

"குட்டியிலேருந்து நான் வளர்த்தவ" என்றாள் மனைவி. "எங்ககிட்ட இருக்கிற இந்த இனம் இவ ஒருத்திதான். இவளுக்கு வரன் பார்த்தாச்சு. வெளிநாட்டுல ஒரு மிருகக்காட்சி சாலையில ஆண் ஒண்ணு இருக்கு, இவளைவிடக் காலு நீளம். நானே போய் விமானத்துல கூட்டிட்டு வரணும்."

"யாரு பார்த்துக்குவாங்க இதையெல்லாம்?" என்று மாஸ்டர் கேட்டார். கேட்கும்போதே பதில் தெரிந்துவிட்டது.

"என்ன கேள்வி இது? உங்களை நம்பித்தான் விட்டுட்டுப் போறேன். வேற யாரா இருந்தாலும் நான் போயே இருக்க மாட்டேன். பெரியவளுக்கு ஏதாவது ஆச்சுன்னா என்னால தாங்க முடியாதுங்க." அப்புறம் பையை மாட்டிக்கொண்டே சொன்னாள்: "அவ இப்போ சாப்பிட மாட்டா. பயப்படாதீங்க. அந்தச் சமயம் வந்துடுச்சு. அதான் விவரமா சொன்னேனே."

விவரமாகத்தான் சொல்லியிருந்தாள். அன்றைக்கு மாஸ்டர் மனசுக்குள் இரட்டை மார்புக் கோட்டு ஒன்றில் உள்துணி பிடித்துக்கொண்டிருந்தார்.

"ஆமா" என்றார்.

துணைக்கு மாமனார் வந்து சேர்ந்தார். தீயணைப்புத் துறையில் இருந்து ஓய்வு பெற்றவர். மாடி எரியும்போது ஏணி போட்டு ஏறியவர், கிணற்றுக்குள் தலைகீழாக இறங்கியவர். இந்த வீரக் கதைகளை மாஸ்டர் பலமுறை கேட்டிருக்கிறார். அவற்றுக்கும் கோட்டுதான். தைரியசாலி ஒருவர் வீட்டில் இருப்பது நல்லதுதான் என்று மாஸ்டர் நிம்மதிப் பெருமூச்சு விட்டார்.

"மாமா, நீங்க பெட்டிங்களை ஒரு தடவை பார்த்துட்டு வாங்களேன்."

"முட்டி வலி மாப்பிள்ளை" என்றார் மாமனார்.

"படி எதுவும் இல்லையே மாமா. சமதரைதான்."

"சமதரையிலதான் எனக்கு வலியே."

இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். விஷயம் புரிந்துவிட்டது. பெண்ணைப் பெற்றவருக்கும் அதே வியாதிதான். பெற்ற நாளிலிருந்து மறைத்துக்கொண்டிருந்தார். இரண்டு கோழைகளும் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. ஆனால் அன்றிலிருந்து இருவருக்கும் நடுவே ஒரு நெருக்கம் வந்துவிட்டது.

தீனி போடுவதற்கு மாஸ்டர் ஒரு கருவி செய்தார். திரைச்சீலைக் கம்பியைக் கழற்றி அதன் நுனியில் இடுக்கியைக் கட்டினார். அறைக்குள் போகாமல் வாசற்படியில் நின்றபடியே பெட்டியின் மேல்மூடியைக் கம்பியால் தள்ளித் திறப்பார். உள்ளே ஒரு சுவர்க்கோழிப் பூச்சியை விழச்செய்வார். பிறகு மூடியைக் கம்பியாலேயே திரும்பத் தள்ளுவார். அது ஏறக்குறைய மூடிக்கொள்ளும். மாமனார் கூடத்துச் சோபாவுக்குப் பின்னால் நின்றுகொண்டு, "இடது பக்கம்... மெதுவா... பின்வாங்கு!" என்று உத்தரவு போடுவார்.

பெரியவள் தீனியைத் தொடவே இல்லை. சொன்னபடியே சாப்பிடவில்லை என்று மாஸ்டரும் விட்டுவிட்டார்.

ஒரு காலையில் கம்பியோடு வந்து எட்டிப் பார்த்தவர் அப்படியே நின்றுவிட்டார். பெரியவள் பெட்டியின் தரையில் கிடந்தாள். கால்கள் ஒன்றின்மேல் ஒன்றாக மடங்கியிருந்தன. கம்பியால் தொட்டார். தள்ளினார். அசைவே இல்லை.

"மாமா, பெரியவ போயிட்டா!"

"எங்க போயிட்டா?" என்றார் மாமனார் சோபாவுக்குப் பின்னாலிருந்து.

"அய்யோ, செத்துப் போயிட்டா மாமா."

அன்றைக்கு அந்த வீட்டில் யாராவது கேட்ட ஒரே புத்திசாலித்தனமான கேள்வி மாமனார் கேட்டதுதான். அது இரண்டு பேருக்கும் தெரியாமல் போனது அவர்கள் தலையெழுத்து.

செத்ததற்கு யாரும் பயப்படுவதில்லை. மாஸ்டர் அறைக்குள் போனார், பெட்டியைத் திறந்தார், கையாலேயே எடுத்தார். காற்றை எடுத்த மாதிரி இருந்தது. வெட்டு மேசையில் வெள்ளைத் துணி விரித்து, கடை விளக்கின் கீழே வைத்தார். மாமனாரும் தைரியமாகப் பக்கத்தில் வந்து மூக்குக்கண்ணாடி போட்டுக்கொண்டார்.

முதுகு ஓடு ஒரு பக்கமாகப் பிளந்து, பெட்டி மூடி மாதிரி தூக்கிக்கொண்டிருந்தது. மாஸ்டர் உள்ளே பார்த்தார். உள்ளே ஒன்றுமே இல்லை. ரத்தம் இல்லை, சதை இல்லை, வெறும் கூடு.

"உள்ள சுத்தமா ஒண்ணும் இல்லையே மாப்பிள்ளை" என்றார் மாமனார் அதிர்ச்சியோடு. "இப்படியா ஒரு ஜீவனைப் பட்டினி போடுவீங்க?"

"அவதான் மாமா சாப்பிட மாட்டான்னு சொல்லிட்டுப் போனா."

"ஒரு பேச்சுக்குச் சொல்றதுதான். நாம வற்புறுத்தியிருக்கணும்."

முதுகில் காயம் வேறு. கம்பி நுனி பட்டிருக்கும் என்று மாஸ்டர் முடிவு செய்தார். பட்டினி போட்டது போதாதென்று குத்தியும் கொன்றிருக்கிறோம். உட்கார்ந்து அழுதேவிட்டார். சிலந்திக்காக அழுதாரா என்றால் இல்லை, பொய் எதற்கு. பெரியவளுக்கு ஏதாவது ஆச்சுன்னா என்னால தாங்க முடியாதுங்க என்று கிளம்பும்போது சொன்னாளே, அந்த முகத்தை நினைத்து அழுதார். வரனைக் கையோடு கூட்டிக்கொண்டு வரப்போகிறாள், இங்கே பெண் பிணமாகக் கிடக்கிறாள்.

கிழிந்த உடம்பை அவள் பார்க்கக் கூடாது. அது மட்டும் மாஸ்டருக்குத் தெளிவாகத் தெரிந்தது. உயிரைத் திருப்பித் தர முடியாது. கிழிசலை மூட முடியும், அது அவர் தொழில். இருப்பதிலேயே மெல்லிய ஊசியை எடுத்தார், பழுப்புப் பட்டு நூலில் ஒற்றை இழை பிரித்தார், முதுகு ஓட்டை அழுத்திப் பிடித்து விளிம்போடு விளிம்பு சேர்த்துத் தைத்தார். மூக்கு நுனியிலிருந்து ஒரு சாண் தூரத்தில் அந்த முகம் இருந்தது. எத்தனையோ வருஷம் பயந்து ஓடியதை அன்றைக்குத்தான் முதன்முதலாக நின்று பார்த்தார். பார்க்கப் பார்க்கத் தையல் மெதுவானது. தைத்து முடித்ததும் பெட்டிக்குள் மரப்பட்டைமேல் கால்களை விரித்து அழகாக உட்கார வைத்து, மூடியை இறுக்கமாக மூடினார். இந்த முறை கையால்.

அன்று மாலை மனைவி ஃபோன் செய்தாள்.

"பெரியவ எப்படி இருக்கா?"

மாஸ்டர் பெட்டிகள் இருந்த அறையைப் பார்த்தார். "ஜம்முன்னு இருக்கா. அசையாம உக்காந்திருக்கா."

"நல்லது, நல்லது. தொந்தரவு பண்ணாதீங்க. பையன் அழகுங்க. காலைப் பார்த்தா விட மாட்டீங்க. நான் வந்து இறங்கினதும் ரெண்டு பேரையும் பக்கத்துல பக்கத்துல வெச்சுப் பார்க்கணும்." அவள் குரலில் அப்படி ஒரு சந்தோஷம். மாஸ்டர் ஃபோனை வைத்துவிட்டு நெடுநேரம் தையல் இயந்திரத்தின் சக்கரத்தைச் சும்மா சுற்றிக்கொண்டிருந்தார்.

அந்த நாட்களில் நடந்த நல்லது ஒன்று உண்டு. கடையில் கரப்பான் தொல்லை அடியோடு ஒழிந்துவிட்டது. புதிதாக வாங்கிய மருந்து வேலை செய்கிறது என்று மாஸ்டர் மாமனாரிடம் சொன்னார்.

மனைவி திரும்பி வரும் நாளில்தானா வக்கீல் வர வேண்டும்? கறுப்புக் கோட்டு தைக்கக் கொடுத்திருந்தவர். பெருத்த உடம்பு, பெருத்த குரல். கோர்ட்டில் பேசுவதைக் கடையிலும் பேசி ஒத்திகை பார்க்கிற ஆசாமி. கோட்டு தைத்து, இருட்டு மூலையில், தூசு படாமல் வெள்ளை உறை போட்டுத் தொங்கிக்கொண்டிருந்தது. மாஸ்டர் உறையோடு எடுத்துக் கொடுக்கப் போனபோது வாசலில் மனைவி வந்து இறங்கினாள். ஒரு கையில் பை. இன்னொரு கையில் காற்றுத் துளைகள் போட்ட பெட்டி. முகமெல்லாம் சிரிப்பு.

"நீங்க போய் வீட்டம்மாவைக் கவனிங்க மாஸ்டர். நானே போட்டுப் பார்த்துக்கறேன்" என்றார் வக்கீல் பெரிய மனது பண்ணி.

மாஸ்டர் கோட்டை அப்படியே விட்டுவிட்டு மனைவியின் பின்னால் போனார். அறைக்குள் போவதற்கு முன்பே சொல்லிவிட வேண்டும் என்று ராத்திரியெல்லாம் ஒத்திகை பார்த்திருந்தார். ஒத்திகையில் ஓடிய வார்த்தைகளில் ஒன்றுகூட இப்போது வரவில்லை.

"பெரியவ... நான்தான் கொன்னுட்டேன்" என்றார்.

மனைவியின் முகத்திலிருந்து சிரிப்பு வழித்தெடுத்த மாதிரி போய்விட்டது. பெட்டியைக் கீழே வைத்தாள். நேரே அறைக்குள் போனாள். மாஸ்டர் பின்னாலேயே போய்க் கதவோரம் நின்றார். அவள் குனிந்து கண்ணாடி வழியே பார்த்தாள். மூடியைத் திறந்தாள். உள்ளே இருந்ததை எடுத்து உள்ளங்கையில் வைத்துத் திருப்பினாள்.

"இது யாரு தைச்சது?"

"நான்தான்."

"எதுக்கு?"

"கிழிஞ்சிருந்துச்சு. உள்ள ஒண்ணுமே இல்ல. பட்டினி."

அவள் தோள்கள் குலுங்கின. அழுகிறாள் என்று நினைத்து மாஸ்டர் பதறிப்போய் ஒரு அடி முன்னால் வந்தார். அவள் சிரித்துக்கொண்டிருந்தாள். சிரிப்பு தாளாமல் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"மனுஷா! இது அவ சட்டை. கழட்டிப் போட்ட சட்டை. வளர்றப்போ உரிச்சுப் போட்டுட்டுப் புது உடம்போட வெளிய வருவாங்க. இவளுக்கு இதுதான் கடைசி. இதை உரிச்சாத்தான் கல்யாணத்துக்கே தயார். அதுக்குத்தான் சாப்பாட்டை நிறுத்தினா. ஒரு தையல்காரருக்குச் சட்டை அடையாளம் தெரியலையா? அதை உக்காந்து கர்ம சிரத்தையா தைச்சு வேற வெச்சிருக்கீங்க!"

மாஸ்டருக்குப் போன உயிர் திரும்பி வந்தது. வந்த உயிர் உட்காருவதற்குள் அவள் சிரிப்பு நின்றது.

"சட்டை இங்க இருக்கு. போட்டிருந்தவ எங்க?"

பெட்டி காலி. மாஸ்டர் பேந்தப் பேந்த விழித்தார். "மூடி... அப்போ கொஞ்சம்... ஏறக்குறைய..."

கடையிலிருந்து வக்கீலின் குரல் கேட்டது. "மாஸ்டர்! காலர் பின்பக்கம் ஏதோ கூசுதே. நூல் நீட்டிட்டிருக்கா பாருங்க!"

இருவரும் ஓடிப்போய் நடுக்கதவில் நின்றார்கள்.

வக்கீல் கண்ணாடி முன்னால் கறுப்புக் கோட்டோடு நின்று தன் முன்பக்கத்தை ரசித்துக்கொண்டிருந்தார். அவர் முதுகில், இரண்டு தோள்பட்டைக்கும் கால் நீட்டி, புத்தம் புதிய உடம்போடு பெரியவள் உட்கார்ந்திருந்தாள். முன்னைவிடப் பெரிதாக இருந்தாள். கரப்பான் மருந்து வேலை செய்தது என்று மாஸ்டர் சொன்னாரே, அந்த மருந்து இவள்தான்.

வெட்டு மேசைமேல் மாமனார் நின்றுகொண்டிருந்தார். எப்போது ஏறினார், எப்படி ஏறினார் என்று தெரியவில்லை. முட்டி நன்றாகத்தான் வேலை செய்திருக்கிறது.

"மேல என்ன பண்றீங்க பெரியவரே?" என்றார் வக்கீல் கண்ணாடியில் பார்த்து.

"பல்பு" என்றார் மாமனார்.

வக்கீல் கண்ணாடியைப் பார்த்துக் கையை ஓங்கினார். "கனம் நீதிபதி அவர்களே!" கோட்டு குலுங்கியது. பெரியவள் இரண்டு கால்களைத் தூக்கிப் பதுங்கினாள்.

மனைவி மாஸ்டரின் காதில் கிசுகிசுத்தாள். "அவர் பார்த்துட்டா உதறுவார். கீழ விழுந்தா, மிதிச்சா, அவ்வளவுதான். நான் கிட்டப் போனா ஏன் என்னன்னு திரும்புவார்."

அவள் சொல்லாமல் விட்டது மாஸ்டருக்குப் புரிந்தது. ஒரு மனிதனின் முதுகில் காரணம் சொல்லாமல் கை வைக்க உரிமை உள்ளவன் அவனுடைய தையல்காரன் மட்டும்தான்.

"கையைத் தட்டையா முன்னால வைங்க. பின்னங்காலை மெதுவாத் தொடுங்க. அவளே ஏறிக்குவா" என்றாள். "உங்களுக்கு என்ன, பழக்கம்தானே."

பழக்கமாம். மாஸ்டர் கழுத்தில் அளவு நாடாவைப் போட்டுக்கொண்டார். நான்கு அடி தூரம்தான் இருக்கும், நடக்க நடக்க முடியவே இல்லை.

"ஆடாம நில்லுங்க சார். முதுகுல சின்ன அளவு ஒண்ணு விட்டுப்போச்சு. மூச்சையும் கொஞ்சம் நிறுத்திக்கங்க."

வக்கீல் நின்றார். தையல்காரன் சொன்னால் யாரும் நிற்பார்கள். மாஸ்டர் இடது கையை விரித்துப் பெரியவளின் முகத்துக்கு முன்னால் கோட்டின்மேல் வைத்தார். வலது கையின் சுண்டுவிரலால் பின்னங்காலைத் தொட்டார். கண்ணை மூடிக்கொள்ளலாம் என்று தோன்றியது. மூடவில்லை. முதல் கால் விரல்மேல் வந்தது. பிறகு இரண்டாவது, மூன்றாவது. ஒவ்வொரு கால் நுனியும் பஞ்சு வைத்த மாதிரி மெத்தென்று ஒட்டியது. மொத்த உடம்பும் உள்ளங்கைக்கு ஏறி, கால்கள் மணிக்கட்டைத் தாண்டித் தொங்க, அவள் அமைதியாக உட்கார்ந்துகொண்டாள். மாஸ்டர் கையை வயிற்றோடு அணைத்துக்கொண்டு திரும்பினார்.

"முடிஞ்சுதா மாஸ்டர்?"

"கச்சிதம் சார். இனிமே கூசாது."

"உங்க கையே தனி" என்று வக்கீல் கண்ணாடிக்குத் திரும்பிக்கொண்டார்.

மனைவி கதவைத் திறந்து பிடித்தாள். மாஸ்டர் நடந்து போய்ப் பெட்டிக்குள் கையை இறக்கினார். பெரியவள் ஒரே பாய்ச்சலில் மரப்பட்டைக்கு அடியில் போய்விட்டாள். மனைவி மூடியை மூடி, இழுத்துப் பார்த்து, மறுபடியும் இழுத்துப் பார்த்தாள். அப்புறம்தான் அவரைப் பார்த்தாள். அவருடைய சட்டை வேர்வையில் உடம்போடு ஒட்டி நனைந்திருந்தது. பெட்டியிலிருந்து எடுத்த கை இன்னும் ஆடிக்கொண்டிருந்தது.

"என்னங்க ஆச்சு?"

"எனக்குச் சிலந்தின்னா பயம்" என்றார் மாஸ்டர். சொல்லிவிட்டால் கனம் குறையும் என்பார்கள். குறையவில்லை.

"எப்போலேருந்து?"

"பொறந்ததுலேருந்து."

"அப்போ அன்னிக்குக் கடையில சொன்னது?"

"உன் முகத்தைப் பார்த்துட்டுச் சொன்னது."

அவள் கோபப்படுவாள் என்று எதிர்பார்த்தார். அவள் கோபப்படவில்லை. பெட்டிகளுக்கு நடுவே இருந்த முக்காலியில் மெதுவாக உட்கார்ந்தாள்.

"அப்போ இவ்வளவு நாளா சாப்பிடறப்போ நான் யார்கிட்டப் பேசிட்டிருந்தேன்?"

அந்தக் கேள்விக்கு "ஆமா" பொருந்தாது. "அடேங்கப்பா"வும் பொருந்தாது. "பாவம்" பொருந்தும், ஆனால் அதைச் சொல்லும் யோக்கியதை தனக்கு இல்லை என்று மாஸ்டருக்குத் தெரிந்தது. மனசுக்குள் கோட்டு தைத்த கதையை ஒளிக்காமல் சொன்னார். கை, காலர், உள்துணி எல்லாவற்றையும் சொன்னார்.

"எத்தனை கோட்டு தைச்சிருப்பீங்க?"

"ஊருக்கே போடலாம்."

அவள் சிரிக்கவில்லை. முகத்தைத் திருப்பிக்கொண்டு கண்ணைத் துடைத்தாள். மாஸ்டருக்கு நெஞ்சு வலித்தது. சிலந்தியைக் கொன்றுவிட்டதாக நினைத்தபோதுகூட இப்படி வலிக்கவில்லை. என்ன செய்வதென்று தெரியாமல், தரையில் கிடந்த பெரியவளின் சட்டையை எடுத்தார்.

"இதைத் தைக்கும்போது பார்த்தேன்" என்றார். "கண்ணுக்குக்கூட உறை இருக்கு. எட்டுக் கண்ணுக்கும் தனித்தனியா, கண்ணாடி மாதிரி. நகத்துக்கு இருக்கு. ஒவ்வொரு முடிக்கும் இருக்கு. எங்கயும் ஒட்டுப் போடல. திறப்பு முதுகுல மட்டும்தான். எட்டு நீளக் காலையும் இந்த ஒரு வழியா எப்படி உருவி எடுத்தா? ஒண்ணுகூடக் கிழியலையே. நான் ஒரு கை உருவினாலே உள்துணி கூட வந்துடும்."

"அதைத்தான் சொன்னேன். ஊருக்குப் போறதுக்கு முன்னாடி, சாப்பிடறப்போ. சோறு ஆறிப்போற வரைக்கும் சொன்னேன்."

"திரும்பச் சொல்லு."

பெட்டி மூடியை இழுத்துச் சரிபார்த்த அதே கவனத்தோடு அவர் முகத்தை ஒரு தடவை பார்த்தாள். "கோட்டு தைக்க மாட்டீங்களே?"

மாஸ்டர் ஆடுகிற கையைத் தூக்கிக் காட்டினார். "இது ஊசி பிடிக்கிற கையா?"

அவள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு ஆரம்பித்தாள். முதலில் சாப்பாட்டை நிறுத்துவதை, தலைகீழாகத் தொங்குவதை, முதுகு பிளப்பதைச் சொன்னாள். ஒரு காலை உருவி இன்னொரு காலை உருவி, உடம்பு வெண்ணெய் மாதிரி இருக்கும்போது எறும்பு வந்தாலும் எதிர்க்க முடியாமல் தொங்கிக்கொண்டிருப்பதைச் சொன்னாள். கதவுக்கு வெளியே, புதிதாக வந்த மாப்பிள்ளை தன் பெட்டிக்குள் காலால் தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தது.

"வலிக்குமா?" என்று மாஸ்டர் கேட்டார்.

அவள் பேச்சு நின்றது. கல்யாணமான நாளிலிருந்து, அவள் சொல்லச் சொல்லக் கேட்டு நடுவே அவர் கேட்ட முதல் கேள்வி அது.

"தெரியலைங்க" என்றாள். "அதை இதுவரைக்கும் யாரும் என்கிட்டக் கேட்டதில்ல." முக்காலியில் ஒதுங்கி உட்கார்ந்து பக்கத்தில் இடம் விட்டாள். மாஸ்டர் பெட்டிகளை ஒரு முறை பார்த்துவிட்டு, போய் உட்கார்ந்தார்.

கடையிலிருந்து மாமனாரின் குரல் வந்தது. "பாப்பா, நான் இறங்கலாமா?"

அவள் விட்ட இடத்திலிருந்து மறுபடியும் சொல்லத் தொடங்கியிருந்தாள்.